நகமா என்னும் சக்களத்தி

காஸிம் என்று ஊரே பெயர் வைத்திருக்கிற குளிர்காலப் புயல்மழை அந்த வருஷமும் தேதி தவறவில்லை. டிசம்பர் நாலாம் தேதி மத்தியானம் கடலிலிருந்து கிளம்பி வந்து, அலெக்சாண்ட்ரியா முழுவதையும் ஒரே முக்காக முக்கி எடுத்தது. இப்ராஹிமிய்யா நிறுத்தத்தில் டிராம் நின்று, கதவு மூடப்போகிற கடைசி நொடியில், சொட்டச் சொட்ட நனைந்த ஓர் ஆள் உள்ளே தாவினான். தாவியவன் நேராகப் போய் மோதியது ராவியாவின் மடிமேல் கிடந்த கானூன் என்கிற தந்தி வாத்தியத்தின் பெட்டியில்.

"கண்ணு தெரியலையா?" என்றாள் அவள்.

தெரியாமல் இல்லை. கண்... நல்ல கண்தான். தேன் நிறத்தில், இமை நுனியில் மழைத்துளி தொங்க, தப்புச் செய்துவிட்டு நிற்கிற கண். அதைப் பார்த்த மாத்திரத்தில் ராவியாவின் கோபம் பாதி கரைந்துவிட்டது. மீதிப் பாதியை அவள் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள்.

மன்னிப்புக் கேட்க அவன் வாயைத் திறப்பதற்குள் டிராம் பெட்டி முழுக்கச் சிரிப்பு. அவன் ஏறியிருந்தது பெண்கள் பெட்டி. மீன்கூடையோடு உட்கார்ந்திருந்த அம்மாள், தம்பி பெண் பார்க்க வந்திருக்கிறதா என்று விசாரித்தாள். எதிர் இருக்கைக்காரி, அடுத்த நிறுத்தம் வரைக்கும் முக்காடு வேண்டுமானால் தன்னுடையதைத் தருவதாகச் சொன்னாள். இன்னொருத்தி, பையன் லட்சணமாக இருக்கிறான், நம்மோடே இருந்துவிட்டுப் போகட்டும் என்று சிபாரிசு செய்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டு தன் காலணியை ஆராய்ந்தான். காது மடல்கள் மட்டும் சிவந்துகொண்டே போயின.

நனைந்த சட்டைப்பையிலிருந்து போனைக் காப்பாற்ற எடுத்தான் பாருங்கள்... காதில் மாட்டியிருந்த ஒயர் பிடுங்கிக்கொண்டது. போனுக்குள் அடைபட்டிருந்த பாட்டு சத்தமாக வெளியே வந்தது.

பெட்டியின் சிரிப்பு மெல்ல அடங்கியது.

ஒரு புல்லாங்குழல். அதுபாட்டுக்கு ஏறிக்கொண்டே போய், உச்சியில் எதையோ நினைத்துக்கொண்டதுபோல் நின்று, திரும்பிப் பார்த்து, பிறகு இறங்கியது. அந்தத் திரும்பிப் பார்க்கிற இடம்... ராவியா இரண்டு வருஷமாகத் தேடிக்கொண்டிருந்த இடம். ஊரிலுள்ள கல்யாணங்களுக்கெல்லாம் ஊர்வலப் பாட்டுக்கு மெட்டுப் போடுகிறவள் அவள். அந்தத் திருப்பத்துக்காக எத்தனை சாயங்காலம் கானூனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அது என்னடாவென்றால், யாரோ ஒருத்தன் சட்டைப்பையில் சவாரி செய்துகொண்டிருக்கிறது.

"யார் போட்ட மெட்டு இது?"

அவன் முதல்முறையாக நிமிர்ந்தான். "நகமா," என்றான்.

அவ்வளவுதான் சொன்னான். ஆனால் சொன்ன விதம் இருக்கிறதே... தூங்குகிற குழந்தையின் பெயரைச் சொல்வதுபோல். அடுத்த நிறுத்தத்தில் மழைக்குள் குதித்து ஓடியும் போய்விட்டான். பெண்கள் மறுபடி சிரிக்க ஆரம்பித்தார்கள். ராவியா மட்டும் ஜன்னலில் வழிகிற தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இப்படி ஒரு மெட்டுப் போடுகிறவள் யார் அந்த நகமா... அதைவிட, இப்படி ஒரு குரலில் தன் பெயரைச் சொல்ல வைத்திருக்கிறவள் யார்?

முன்பின் தெரியாத ஒருத்திமேல், ஒரே நிமிஷத்தில், இரண்டு விதமாகப் பொறாமைப்பட முடியும் என்று அன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது.

*

மறுநாள் அத்தாரீன் தெருவில், ஹாஜியார் சுப்ஹியின் ஒலிப்பதிவுக் கூடத்தில், அதே கண்கள் ஒரு கணினித் திரைக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தன.

கெய்ரோவிலிருந்து வந்திருக்கிற இன்ஜினியர் ஹைதம், இனிமேல் ஒலிப்பதிவெல்லாம் இவர் கையில்தான் என்று ஹாஜியார் அறிமுகம் செய்தார். இவள் ராவியா, ஆறு வருஷமாக நம் கடைக்கு மெட்டுப் போடுகிறவள், வாய் கொஞ்சம் நீளம், கை சுத்தம் என்று அவனிடமும் சொன்னார். அவர் கடையின் வியாபாரமே கல்யாண ஊர்வலப் பாட்டுத்தான். மாப்பிள்ளை பெயர், பெண் பெயர், இரு வீட்டார் பெயர் எல்லாம் வைத்துப் பாடிப் பதிவுசெய்து தருவார். மணப்பெண் படியிறங்கி வரும்போது அது ஒலிபெருக்கியில் முழங்கும். அலெக்சாண்ட்ரியாவில் அது இல்லாமல் கல்யாணம் கல்யாணமாகாது.

ராவியா தேனாகக் குழைந்து கேட்டாள்: "வீட்ல நகமா சௌக்கியமா இருக்காங்களா?"

"வீட்லயா?" அவன் விழித்தான். பிறகு புரிந்துகொண்டு, சிரிப்பை அடக்கத் தெரியாமல், திரையை அவள் பக்கம் திருப்பி, வாத்தியாரம்மாவை அழைக்கிற மரியாதையோடு சொன்னான். "இங்கதான் இருக்கு, உஸ்தாஸா. எப்படிப்பட்ட மெட்டு வேணும்னு எழுதிக் குடுத்தாப் போதும். போட்டுக் குடுத்துடும்."

வெறும் திரை. ஒரு கட்டம். கட்டத்துக்குள் மினுக் மினுக்கென்று ஒரு கோடு.

முந்தின ராத்திரி முழுக்க அவள் மனசுக்குள் ஒரு நகமாவை உருவாக்கி வைத்திருந்தாள். நீளக் கூந்தல், நீள விரல், மெதுவான பேச்சு. ஆனாலும் கொஞ்சம் குண்டாகத்தான் இருப்பாள் என்று தனக்குத்தானே ஆறுதலும் சொல்லிக்கொண்டிருந்தாள். இப்போது அந்த ஆறுதலும் போச்சு. பெண்ணாக இருந்தால் போட்டி போடலாம். பெண் என்றால் ஒரு நாள் தலை வலிக்கும், ஒரு நாள் மெட்டு வராது, ஒரு நாள் புருஷனோடு சண்டை போட்டுவிட்டு அழுது வீங்கிய முகத்தோடு வருவாள். இதற்கு என்ன வரும்? கரண்டு போனால்தான் உண்டு.

அப்புறம் வந்த நாட்கள் அவளுக்கு ஊசிமேல் நடப்பதுபோல்தான் போயின. ஹைதம் நல்லவன்தான். அதுதான் தொந்தரவே. டீ வாங்கி வந்தால் அவளுக்குச் சர்க்கரை கம்மி என்று நினைவு வைத்திருந்தான். ஈரல் ரொட்டி வாங்கினால் மிளகாய் நிறைய வைத்ததை அவள் பக்கம் நகர்த்தினான். நகமா ஒரு மெட்டைப் போட்டதும் ஓடிவந்து கேட்கச் சொல்வான். அவள் கேட்டுவிட்டு, இதில் உப்பில்லை, இது நடக்கிறது ஆனால் எங்கே போகிறோம் என்று அதற்கே தெரியவில்லை, இதைக் கேட்டால் மாப்பிள்ளை தூங்கிவிடுவான் என்று ஏதாவது சொல்வாள். அவன் கோபிக்காமல் ஒரு நோட்டில் குறித்துக்கொள்வான். குறித்ததையெல்லாம் திரும்பப் போய் நகமாவிடம் சொல்வான்... மெதுவாக, பக்கத்தில் குனிந்து, விசையை விரலால் வருடுவதுபோல். முடிந்ததும் நன்றி வேறு.

"அதுக்கு எதுக்கு நன்றி?" என்று ஒரு நாள் கேட்டேவிட்டாள்.

"பழக்கம். சொல்லாம விட்டா எங்கம்மா காதைத் திருகுவாங்க."

"எனக்கு ஒரு நாள் சொன்னதில்லையே?"

வெளியே மழை பிடித்துக்கொண்டிருந்தது. "நீங்க வாசிச்சதுக்கு நன்றின்னு சொன்னா..." என்றான், திரையைப் பார்த்தபடியே. "அது ரொம்பக் கம்மி, உஸ்தாஸா."

இதை வீடு போய்ச் சேரும்வரை பிரித்துப் பிரித்துப் பார்த்தாள். பாராட்டா, நழுவலா? என்னிடம் சொன்னானா, திரையிடம் சொன்னானா? திரையைப் பார்த்துத்தானே சொன்னான்... அம்மா சாப்பாடு போட்டதும் அண்ணன் மின்சாரக் கட்டணத்தைப் பற்றிப் புலம்பியதும் அவள் காதில் விழவேயில்லை.

*

அன்ஃபூஷியில் படகு கட்டுகிற குடும்பம் ஒன்று. பெண்ணின் பெயர் தஹானி. எட்டு மாதத்துக்கு முன் தகப்பனார் காலமாகிவிட்டார். அவர் பார்த்து நிச்சயித்த கல்யாணம், தள்ளிப் போடக்கூடாது என்று நடத்துகிறார்கள். ஊர்வலப் பாட்டுக்கு அண்ணன்காரன் வந்திருந்தான். ஹாஜியாருக்கு அன்றைக்கு என்ன தோன்றியதோ, ராவியாவும் போடட்டும், நகமாவும் போடட்டும், பெண் எதைக் கேட்கிறாளோ அதை வைத்துக்கொள்ளலாம் என்று முடித்துவிட்டார். இனிமேல் கடைக்கு யார் மெட்டு என்பதும் அதிலேயே தெரிந்துவிடும் என்று சிரித்துக்கொண்டே சொன்னார். சிரித்துக்கொண்டு சொன்னால் என்ன, அழுதுகொண்டு சொன்னால் என்ன... சொன்னது சொன்னதுதான்.

ராவியா நாலு நாள் உட்கார்ந்தாள். விரல் நுனி கன்றிப்போகும்வரை உட்கார்ந்தாள். நகமா, ஊற்றி வைத்த டீ ஆறுவதற்குள் நாற்பது போட்டது.

பெண் எல்லாவற்றையும் அண்ணன் போனில் கேட்டாளாம். ராவியாவின் மெட்டைக் கேட்டு, அழகாயிருக்கிறது என்றாளாம். நகமாவின் பதினேழாவது மெட்டைக் கேட்டதும் கண் கலங்கி, இதுதான், வேறு வேண்டாம் என்றாளாம்.

ராவியா அந்தப் பதினேழைக் கேட்க வேண்டும் என்றாள். காதில் மாட்டிக்கொண்டாள்.

மேளம் துள்ளலாக ஆரம்பித்தது. முதல் சுரம், இரண்டாவது, மூன்றாவது... சரிதான், எந்தக் கல்யாணத்திலும் கேட்கிறதுதான். நாலாவது சுரம் வந்தது. மேலே ஏற வேண்டியது ஏறாமல், தொண்டையை அடைத்தாற்போல் உள்ளுக்குள் ஒடுங்கியது.

சபா ராகம்.

துக்க வீட்டில் நாற்காலி போட்டு உட்கார்ந்து கேட்கிற ராகம். நம் கல்யாணப் பந்தலில் முகாரியை எடுத்துவிட்டு, அதற்குக் கீழே துள்ளுகிற தாளத்தைப் போட்டால் எப்படி? அப்படித்தான் இருந்தது. மேளத்தின் ஆட்டத்தில் சட்டென்று யாருக்கும் தெரியாது. ஹைதமுக்குக் கண்டிப்பாகத் தெரியாது. கணினி படித்தவன், ராகங்களைத் திரையில் நெளிகிற கோடாகத்தான் பார்த்திருக்கிறான். மனசை உருக்குகிற மாதிரி வேண்டும் என்று எழுதிக் கேட்டிருக்கிறான். அது தேடிப் பார்த்து, மனுஷர்கள் எதைக் கேட்டால் உருகுகிறார்கள் என்று கண்டுபிடித்துக் கொடுத்துவிட்டது. ஹாஜியாரோ மெட்டைக் கேட்கிற வழக்கமே இல்லாதவர். பெயர்கள் சரியாக விழுந்திருக்கின்றனவா என்று பார்ப்பதோடு சரி.

"எப்படி இருக்கு?" ஹைதம் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். பரீட்சை எழுதிவிட்டு வந்த பிள்ளைபோல.

இது கல்யாணத்துக்கு ஆகாது... ஒரே ஒரு வாக்கியம். அவள் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. அப்போது அவன் கை, தன்னையறியாமல், அந்தக் கணினிப் பெட்டியின் முதுகைத் தடவிக் கொடுத்ததை அவள் பார்த்தாள்.

"நல்லாதான் இருக்கு," என்றாள் ராவியா. "பொண்ணே ஆசைப்பட்டுக் கேட்டிருக்கே. நாம யாரு வேண்டாம்னு சொல்ல?"

நகமாவை அவள் பாராட்டியது அதுதான் முதல் தடவை. அவன் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம் வந்தது. அந்த வெளிச்சம் அவளைச் சுட்டது. சுட்டாலும், சொன்னதை அவள் திரும்பப் பெறவில்லை.

*

வெள்ளிக்கிழமை, பிற்பகல் அஸர் தொழுகை முடிந்ததும் கல்யாணம். கடலைப் பார்த்த மண்டபம். வெளியே அலை சுவரில் ஏறி அடித்துக்கொண்டிருந்தது. விருந்தின்போது வாசிப்பதற்காக ராவியாவைக் கூப்பிட்டிருந்தார்கள். படிக்கட்டுக்குப் பக்கத்துச் சின்ன மேடையில், கானூனை மடியில் வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் பார்க்கிற இடத்தில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்குப் பக்கத்தில் ரிக் வாசிக்கிற மித்வல்லி மாமா. அறுபது வயது, பெரிய தொந்தி, அதன்மேல் சலங்கை கட்டிய அந்தக் கஞ்சிரா. எதிர்க்கோடியில் ஒலிக்கருவிகளுக்குப் பின்னால் ஹைதம். இஸ்திரி போட்ட சட்டை, கழுத்துப் பட்டை வேறு. அழகாக இருந்தான். அந்த அழகு யாருக்காக என்று நினைத்துக்கொண்டாள்... நகமாவுக்கு இன்றைக்கு அரங்கேற்றம் அல்லவா.

தஹானி அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு படி உச்சியில் வந்து நின்றாள். பாட்டு ஆரம்பித்தது. பெண்கள் குலவையிட்டார்கள். கீழே மாப்பிள்ளை பூச்செண்டோடு நின்றான். பாட்டு, தகப்பனார் பெயரைச் சொல்கிற இடத்துக்கு வந்தது.

அந்தப் பெயர் சரியாக நாலாவது சுரத்தில் விழுந்தது.

முதலில் பெண்ணின் தாயார் முக்காட்டை வாயில் பொத்திக்கொண்டாள். பக்கத்திலிருந்த தங்கை அவள் தோளில் சாய்ந்தாள். குலவை ஒவ்வொன்றாக நின்றது. பின் வரிசையில் யாரோ விம்மினார்கள். தஹானி ஐந்தாவது படியில் நின்றாள். நின்றவள், வெள்ளைப் பட்டெல்லாம் கசங்க அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டாள். அப்பா என்று ஒரு தடவை கூப்பிட்டாள். அதற்கப்புறம் அழுகைதான்.

ஊர்வலம் பாதியில் நிற்பது இந்த ஊரில் ஆகாத சகுனம். மாப்பிள்ளையின் தாயார் முகம் மாறியது. "என் பிள்ளையைக் கட்டிக்கிறதுக்கு இவ்வளவு அழுகையா?" என்று நாலு பேருக்குக் கேட்கும்படியே சொன்னாள். அவள் சகோதரர்கள் இருவர் நாற்காலியை விட்டு எழுந்தார்கள்.

ராவியா எதிர்க்கோடியைப் பார்த்தாள். ஹைதம் வெளிறிப்போய், எந்தப் பொத்தானைத் தொடுவது என்று தெரியாமல் நின்றான். வேண்டும்... நன்றாக வேண்டும் என்று மனசு சொன்னது. அந்த ஒரு நொடி இனிக்கவும் செய்தது. பொய் சொல்வானேன்.

அடுத்த நொடி அவள் கண்ணில் பட்டது தஹானியின் கை. மருதாணி அப்பிய கை, கைப்பிடிக் கம்பியை விடாமல் பற்றிக்கொண்டிருந்தது. அவள் யாருக்குமே ஒரு கெடுதலும் செய்யாத பெண். நகமாவோடு அவளுக்கு ஒரு சண்டையும் இல்லை.

ராவியா ஒலிவாங்கியைக் கானூன் பக்கம் இழுத்துவிட்டு வாசிக்கத் தொடங்கினாள். எடுத்த எடுப்பில் சந்தோஷத்தை வாசிக்கவில்லை. அழுகிறவளிடம் போய்ச் சிரி என்றால் சிரிப்பாளா? முதலில் கூடவே அழுதாள். அதே சபா, அதே ஒடுங்கிய சுரம். பாட்டோடு சேர்ந்து ஒரு சுற்று வந்தாள். பிறகு மித்வல்லி மாமாவை ஒரு பார்வை பார்த்தாள். அவர் தாளத்தை அப்படியே கையில் வாங்கிக்கொண்டார். ஹைதமை ஒரு பார்வை பார்த்தாள். அவன் விரல் நகர்ந்தது. ஒலிபெருக்கியில் நகமாவின் குரல் தேய்ந்து, தேய்ந்து, இல்லாமல் போயிற்று.

இப்போது கானூனும் ரிக்கும் மட்டும். இடது கையால் தந்திகளின் ஓரத்துப் பித்தளைத் தகட்டைத் தூக்கினாள். நாலாவது சுரம் கால்விரலில் எழும்பி நின்றதுபோல் கொஞ்சம் உயர்ந்தது. அவ்வளவுதான். சபா, பயாத்தி ஆகிவிட்டது. அடி வாசல் அதேதான், முதல் மூன்று படியும் அதேதான். நாலாவது படியில் மட்டும் யாரோ ஜன்னலைத் திறந்துவிட்டாற்போல் இருந்தது. அன்ஃபூஷிப் பெண்கள் பிறந்த நாளிலிருந்து கேட்டு வளர்ந்த கல்யாண ராகம் அது. கைகள் தாமாகத் தட்ட ஆரம்பித்தன. தாயார் முகத்தைத் துடைத்துக்கொண்டு, உடைந்த குரலில் ஒரு குலவையிட்டாள். தஹானி நிமிர்ந்து பார்த்தாள். அண்ணன் கை நீட்டினான். எழுந்தாள்.

அழுதுகொண்டேதான் இறங்கினாள். ஆனால் இறங்கினாள்.

*

விருந்து நடந்துகொண்டிருக்கும்போதே ஹாஜியார் ஹைதமைப் பின்கட்டுக்குக் கூப்பிட்டுக் கிழித்துவிட்டார். பிழைத்தது ராவியாவால், இல்லையென்றால் கடைக்குப் பூட்டுத்தான், உன் நகமாவை மூட்டை கட்டிக்கொண்டு கெய்ரோ ரயிலைப் பிடி என்றார். அவன் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசவில்லை. தப்பு தன்னுடையதுதான் என்றான். உஸ்தாஸா இல்லாவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது என்றான்.

அடுப்படிக் கதவோரம் நின்றிருந்த ராவியாவின் காதில் எல்லாம் விழுந்தது. அவள் கேட்டதெல்லாம் கிடைத்துவிட்டது. மெட்டு மறுபடி அவளுடையது, நகமா ஊரை விட்டே போகிறாள். வாயை மூடிக்கொண்டு நின்றால் போதும்.

"ஹாஜியார்," என்றாள். "எனக்கு அன்னைக்கே தெரியும்."

இருவரும் திரும்பினார்கள்.

"இது சபான்னு நாலாவது சுரத்துலயே தெரிஞ்சுபோச்சு. தெரிஞ்சுதான் நல்லா இருக்குன்னு சொன்னேன்."

ஹாஜியார் தலையில் கையை வைத்துக்கொண்டார். ஹைதம் அவளைப் பார்த்தான். கோபமாகப் பார்த்திருந்தால் தாங்கியிருப்பாள்.

"நீங்க நல்லா இருக்குன்னு சொன்னதைத்தான் நான் நம்பினேன்," என்றான். "நகமாவை இல்ல."

ஒயர்களைச் சுருட்டி எடுத்துக்கொண்டு மழையில் இறங்கிப் போய்விட்டான்.

*

இரண்டு நாளாக அவன் வரவில்லை. மூன்றாம் நாள் காலையில் ஹாஜியார், அடுத்த வியாழக்கிழமைக் கல்யாணத்தின் பதிவு அந்தப் பெட்டிக்குள்தான் இருக்கிறது, தேடி எடு என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனார். கடையில் ராவியாவும் நகமாவும் மட்டும். எதிரும் புதிருமாக.

திரையைத் தொட்டாள். விழித்துக்கொண்டது. ஓரத்தில் ஒரு பட்டியல், அவன் எழுதிக் கேட்டதெல்லாம் தேதி போட்டு வரிசையாக நின்றது. கல்யாணப் பாட்டு, துள்ளல் தாளம்... கல்யாணப் பாட்டு, மனசை உருக்குகிற மாதிரி... அதற்குக் கீழே ஒரு தனி வரிசை. அதில் கல்யாணம் என்ற சொல்லே இல்லை.

'கானூன் மட்டும். அவசரமே இல்லாமல்.'

'இல்லை. இன்னும் மெதுவாக. அடுத்த சுரத்துக்குப் போகுமுன் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொள்கிற மாதிரி.'

'இல்லை. கோபமாக இருக்கும்போதும் விரல் மட்டும் கோபப்படாத மாதிரி.'

'இல்லை. கண்ணை மூடிக்கொண்டு, வாசிப்பது தனக்கே தெரியாமல் வாசிக்கிற ஒரு பெண்.'

'இல்லை.'

'இதுவும் இல்லை. ராவியா வாசிக்கிற மாதிரி இல்லை.'

எண்ணிப் பார்த்தாள். நாற்பத்தோரு தடவை கேட்டிருந்தான். நாற்பத்தோரு தடவையும் இல்லை என்று தள்ளியிருந்தான். முதலாவதின் தேதி, அவன் இந்தக் கடைக்கு வந்து சேர்ந்த மூன்றாம் நாள்.

அவளுக்குக் கண் கலங்கியது. சந்தோஷத்தில் என்று நினைப்பீர்கள். அதுவும்தான். ஆனால் அதற்கு முன்னால் முந்திக்கொண்டு வந்தது வேறு. அடிப்பாவி... எனக்குச் சொல்ல வேண்டியதையெல்லாம் இவளிடம் சொல்லியிருக்கிறான். நான் கேட்க வேண்டியதை இவள் முதலில் கேட்டிருக்கிறாள். அந்த ஜடத்தை இரண்டு அறை அறையலாம்போல் வந்தது.

"அதைப் படிக்காதீங்க."

வாசலில் ஹைதம். தலைமுடியெல்லாம் ஈரம். சாமான்களை எடுக்க வந்திருந்தான், கையில் ஒரு காலி அட்டைப்பெட்டி.

"படிச்சிட்டேன்," என்றாள். எழுந்திருக்கவில்லை. "இதெல்லாம் இதுகிட்ட எதுக்குச் சொன்னீங்க?"

"எனக்கு வாசிக்க வராது. பாட வராது. நீங்க எதிர்ல நின்னா பேச்சும் வராது." அட்டைப்பெட்டியை எங்கே வைப்பதென்று தெரியாமல் மார்போடு அணைத்துக்கொண்டான். "இது பொறுமையாக் கேட்டுக்கும். திட்டாது."

"நான் திட்டுவேன்."

"தெரியும்."

மழை தகரக் கூரையில் தாளம் போட்டது. ராவியா தன் விரல்களைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "அன்னைக்கு நான் செஞ்சது துரோகம். தொழில் போயிடுமேன்னு செஞ்சேன்னு நீங்க நினைச்சிருப்பீங்க. அது பாதிதான். நீங்க அதைத் தடவிக் குடுத்தீங்க... எனக்குப் பொறுக்கல."

"எதை?"

"இந்தப் பொட்டியை."

அவன் புரியாமல் பார்த்தான். பிறகு மெல்ல மெல்லப் புரிந்தது. அந்தத் தேன் கண்களில் அது ஊறி வருவதை அவள் பார்த்துக்கொண்டேயிருந்தாள். வெட்கமாக இருந்தது, ஆனாலும் கண்ணை எடுக்கவில்லை.

"எனக்கு இப்பவும் கோபம்தான்," என்றான் அவன். "ஆனா நானும் ஒண்ணு சொல்லிடறேன். மண்டபத்துல மித்வல்லி மாமாவை ஒரு பார்வை பார்த்தீங்க. அந்தப் பார்வையை அவர் புரிஞ்சுகிட்டுத் தாளத்தை எடுத்தார். அவரை முதல்ல பார்த்தீங்க, என்னை ரெண்டாவதாப் பார்த்தீங்க. கல்யாணமே கவிழப் போற நேரம்... எனக்கு அது வலிச்சுது."

"அவருக்கு அறுபது வயசு."

"நகமாவுக்கு வயசே இல்ல. நீங்க மட்டும் விட்டீங்களா?"

ராவியாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அழுகையோடு சேர்ந்து வந்ததால் அது சிரிப்பாகவும் இல்லை, அழுகையாகவும் இல்லை. அவன் அட்டைப்பெட்டியைக் கீழே வைத்தான். காலியாகவே வைத்தான்.

"ராவியா." உஸ்தாஸா இல்லை... வெறும் ராவியா. "உங்க அண்ணன் போன் நம்பர் குடுப்பீங்களா?"

அந்த ஊரில் ஓர் ஆண், ஒரு பெண்ணிடம் அவள் அண்ணன் நம்பரைக் கேட்டால் அதற்கு அர்த்தம் ஒன்றுதான். இனிப்பும் பழமும் வாங்கிக்கொண்டு, தாயைக் கூட்டிக்கொண்டு, வீட்டுக் கதவைத் தட்ட வருகிறேன் என்று அர்த்தம்.

அவள் தலையைக் குனிந்துகொண்டு சொல்ல ஆரம்பித்தாள். ஒவ்வொரு எண்ணாக, அவசரமே இல்லாமல், நடுநடுவே மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டு... பூஜ்யம்... ஒண்ணு... ரெண்டு... கடைசி எண்ணைச் சொல்லிவிட்டு நிமிர்ந்தாள். அவன் எழுதவேயில்லை. கையில் போனைக்கூட எடுக்கவில்லை. அவளையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"குறிச்சுக்கலையா?"

"இன்னொரு தடவை சொல்லுங்க," என்றான்.